மெழுகு வைத்த வாசல்கள்

மார்ச் 4, செவ்வாய்

வேறு ஊர்த் தோட்டத்தில் ஆர்க்கிட் பிரிவைப் பார்த்துக்கொள்ளக் கூப்பிட்டிருக்கிறார்கள். வெள்ளிக்குள் பதில் சொல்ல வேண்டும். இவரிடம் இன்னும் சொல்லவில்லை. ஏன்? வேண்டாம் என்பார் என்றா? இல்லை, நான் முடிவெடுக்கும் முன்பே மூட்டை கட்டத் தொடங்கிவிடுவார் என்றா?

தண்ணீர்த் தொட்டிக் கம்பெனியை மூடியதிலிருந்து இவர் வீட்டில்தான். கசிவு பார்த்தே பழகிய கை, சும்மா இருக்காது. என் புடவைகள் நிறவாரியாக இடம் மாறியிருக்கின்றன. என் கண்ணாடிக்குப் புதுத் திருகு. கேட்டால், "நல்லதுதானே பண்ணேன்?"

நல்லதுதான். அதுதான் கஷ்டம்.

மார்ச் 5

பால்கனி ஆர்க்கிட்டில் பூத்தண்டு! இத்தனை வருடத்தில் முதல் முறை. கொம்பு மாதிரித் தடித்த அதன் தண்டுகள் உள்ளே வெறும் கூடு. ஒவ்வொன்றின் அடியிலும் ஒரு துளை. அதற்குள் எறும்புகள் குடும்பம் நடத்துகின்றன. செடி இடமும் தேனும் கொடுக்கும். அவை மொட்டைப் பூச்சி அண்டாமல் காக்கும், உள்ளே சேர்க்கும் குப்பை செடிக்கு எரு. ஒன்றின் வேலையில் மற்றது தலையிடுவதில்லை. பொறாமையாக இருக்கிறது.

மார்ச் 6

வேலையில் கை ஓடவில்லை. இரண்டு தொட்டிகளின் பெயர்ச்சீட்டை மாற்றிக் குத்திவிட்டேன்.

மார்ச் 7, வெள்ளி

பாவி மனுஷன். எல்லாத் துளையையும் அடைத்துவிட்டார்.

"ஓட்டை விழுந்திருந்துச்சும்மா. அழுகிடுமேன்னு அடைச்சேன். செடியாச்சேன்னு வெறும் மெழுகுதான் வச்சேன்."

"அது ஓட்டை இல்ல, வாசல்! ஒரு வார்த்தை கேட்கக்கூடாதா?"

"எறும்புக்கு எதுக்கு வாசல்?"

"உங்கள உள்ள வச்சு அடைச்சா தெரியும்!"

கத்தினேன். அதோடு மற்றதும் கொட்டிவிட்டது — வேலை, ஊர், இன்றுதான் கடைசி நாள், மூச்சு முட்டுது எனக்கு, எதத் தொட்டாலும் அதுக்கு முன்னாடி நீங்க தொட்டிருக்கீங்க...

அவர் என் கொண்டை ஊசியை எடுத்துக்கொண்டு பால்கனிக்குப் போனார். மெழுகைத் தோண்டத் தோண்ட எறும்புகள் பொங்கி வந்து கையெல்லாம் கடித்தன. "ஐயோ, ஆத்தாடி" என்று குதித்துக்கொண்டே கடைசித் துளைவரை விடவில்லை.

எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிக்கிற நேரமா அது?

மாலையில் 'வருகிறேன்' என்று பதில் அனுப்பினேன்.

மார்ச் 9

வீங்கிய கையோடு என் பெட்டிச் சக்கரத்துக்கு எண்ணெய் போடுகிறார். கேட்காமல்தான். வேண்டாம் என்று சொல்ல மனசு வரவில்லை.

ஏப்ரல் 20

புது ஊர். இடம் மாற்றினால் பூத்தண்டு கருகிவிடும் என்று செடியை அங்கேயே விட்டு வந்தேன். போனில் சொல்கிறார்: "மொட்டு மேல எறும்புங்க ராப்பகலா ரோந்து போகுதுங்க. என்னை இன்னும் மன்னிக்கல. தண்ணி ஊத்தப் போனாலே பிடுங்குது."

ஒரு அறை. வைத்தது வைத்த இடத்தில் இருக்கிறது. அதுவும் ஒரு மாதிரி உறுத்துகிறது.

ஜூன் 11

பூத்துவிட்டது. படம் அனுப்பியிருந்தார், பாதிப் படம் அவர் விரல்.

பிறகு போன். தொண்டையைச் செருமிக்கொண்டார். "ஒரு வாரம் வந்து இருக்கட்டுமா? உனக்குச் சரிப்படாதுன்னா சொல்லிடு."

நான் யோசித்தேன். யோசித்து முடிக்கும்வரை அவர் குறுக்கே ஒரு வார்த்தை பேசவில்லை.

சனிக்கிழமை வாங்க என்றேன்.