பிஸ்கட் பேணியில் இருக்கும் பதில்

அக்கா,

இன்று காலை பழைய பிஸ்கட் தகரப் பேணியைத் திறந்ததும் வினாகிரி நெடி மூக்கில் ஏறியது. ஊறுகாய் கொட்டிவிட்டதோ என்று மகள் ஓடிவந்தாள். நாறியது நீங்கள் வெட்டித் தந்த படச்சுருள். பழைய பிலிம் கெட்டால் இப்படித்தான் நாறுமாம். நீங்கள் இறந்துவிட்டீர்கள் என்று உங்கள் தங்கை எழுதிய கடிதம் வந்து நான்கு நாளாகிறது. அதனால்தான் பேணியைத் தேடினேன்.

எண்பதுகளின் கடைசியில், லண்டன் நோர்பரியில் அண்ணை வீட்டு மேலறையில், அகதி வழக்கின் முடிவுக்காகக் காத்திருந்தேன். வேலை செய்ய அனுமதி இல்லை. பாஸ்போர்ட் அதிகாரிகளிடம். அண்ணையும் அண்ணியும் ஷிப்டுக்குப் போய்விட்டால் எனக்கு யன்னல்தான் துணை. ஜெர்மனியில் தையல் ஆலைப் பெண்களையும் துருக்கித் தொழிலாளர் விடுதிகளையும் படமெடுத்துப் பெயர் வாங்கியிருந்த ஜெர்மன்காரி நீங்கள், லண்டனில் இப்படிக் காத்துக்கிடப்பவர்களைப் படமெடுக்க வந்தீர்கள். வந்ததும் எதையும் கேட்கவில்லை. இரண்டு வாரம் என்னோடு வெங்காயம் உரித்தீர்கள். நான் "அக்கா" என்று கூப்பிட்டால், வகுப்பில் வரவு சொல்லும் பிள்ளைபோல விறைப்பாக, ஆம் என்பதற்கு நான் பழக்கிய "ஓம்" என்பீர்கள்.

கடைசி நாள் கமராவுக்குப் பின்னால் இருந்து கேட்டீர்கள்: "இந்தக் கதவு திறந்தால் எங்கே போவாய்? உன் மொழியிலேயே சொல்."

ஆங்கிலத்தில் என்றால் யோசித்துத் தப்பியிருப்பேன். தமிழ் என்றதும் வாய் முந்திக்கொண்டது.

"எனக்கு வீட்டை போகவேணும். அம்மாவிட்டை போகவேணும்."

அண்ணையிடம் சொன்னேன். அவர் சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளிவைத்தார். "விசரே உனக்கு? திரும்பிப் போனால் உயிர் போகும் எண்டு கேஸ் குடுத்துப்போட்டு, ரீவியிலை போகவேணும் எண்டு சொல்லுவியோ? அடுத்த பிளேனிலை ஏத்தி விடுவாங்கள்!"

நீங்கள் படம் வெட்டும் அறைக்கு ஓடிவந்தேன். "இந்தப் படத்தின் உயிரே இந்த இடம்தான்," என்றீர்கள். அதைப் பார்த்துத்தான் தொலைக்காட்சிக்காரர்கள் படத்தை வாங்கச் சம்மதித்தார்கள் என்பதையும் மறைக்கவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "உங்களுக்குப் படத்தின் உயிர், எனக்கு என் உயிர்," என்று கத்தினேன். நீங்கள் அந்த இடத்தை வெட்டி எடுத்தீர்கள். முகம் பதிந்தது ஒரு சுருள், குரல் பதிந்தது இன்னொரு சுருள். இரண்டையும் மேசையில் கிடந்த பிஸ்கட் பேணிக்குள் போட்டு, "இனி இது உன்னிடம் மட்டும்தான்," என்று தந்தீர்கள்.

அந்த இடம் இல்லாத படத்தைத் தொலைக்காட்சி வேண்டாம் என்றது. அதன்பின் சொந்தப் படம் எடுக்க உங்களுக்கு வாய்க்கவேயில்லை. தொண்ணூறுகள் முழுக்க யார் யாரோ எடுத்த சமையல் நிகழ்ச்சிகளை வெட்டி ஒட்டினீர்கள். ஒருநாளாவது என்னைக் குத்திக்காட்டியிருக்கலாம். எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

ஆறு வருடம் கழித்து வழக்கு வென்றது. அதற்குச் சற்று முன்னர்தான் அம்மா, இடம்பெயர்ந்து தங்கியிருந்த பள்ளிக்கூடத்தில் இறந்துபோனார். உங்களுக்குத் தொலைபேசி எடுத்தேன்.

"கதவு திறந்துவிட்டதே, இப்போது எங்கே போகிறாய்?"

"கடைக்கு. பால் முடிந்துவிட்டது."

இருவரும் சிரித்தோம். பிறகு நான் அழுதேன். அழுது முடியும்வரை நீங்கள் போனை வைக்கவில்லை.

இன்று சுருளை யன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். ஒட்டிப்பிடித்துக்கொண்டு விரிய மறுக்கிறது. வெளியே தெரிந்த ஒரு துண்டில் என் முகம், வாய் பாதி திறந்தபடி. உங்கள் வாழ்க்கையை வெட்டியல்லவா இதை என் கையில் தந்தீர்கள், அக்கா!

"அம்மா, இதிலை நீங்கள் என்ன சொன்னனீங்கள்?" என்று மகள் கேட்டாள்.

"எனக்கு வீட்டை போகவேணும்."

அவளுக்கு விளங்கவில்லை. "இதுதானே எங்கடை வீடு?"

"ஓம்," என்றேன், அக்கா, நீங்கள் சொல்வதுபோலவே விறைப்பாக.