அந்தப் பாட்டில் அழுவது என் அம்மை

என் தங்கமான அம்மைக்கு,

நம்மூர் கொட்டாரத்தில் மழை விடவில்லையாம். நம் வயலில் நாற்று மூழ்கிக் கிடக்கிறதாம். வீட்டுச் சாவியை அத்தையிடம் கொடுத்துவிட்டுத்தான் பெங்களூருக்கு வந்தேன்; அவள்தான் போனில் சொன்னாள். உனக்குச் சொல்ல வேண்டிய இன்னொரு செய்திக்கு நாக்கு எழவில்லை. அதனால் எழுதுகிறேன்.

ஊரறிய எழுதுவதற்குக் காரணம் உண்டு. எங்கள் குழுவின் இரண்டாவது ஆல்பம் வந்தபோது ஒரு பத்திரிகைக்காரர் கேட்டார், அதில் ஒரு பாட்டின் நடுவில் அழும் குரல் யாருடையது என்று. 'எங்கள் ஊர்ப்பக்கத்தில் பதிவு செய்தது' என்றேன். ஊர்ப்பக்கம்! பெற்றவளை அப்படிச் சொன்ன வாய் இது. அச்சில் சொன்ன பொய்யை அச்சில்தானே திருத்த வேண்டும்?

என் தொழில் என்னவென்று உனக்குக் கடைசிவரை பிடிபடவில்லை. யாராவது கேட்டால் 'கித்தார் வாசிக்கான்' என்பாய். 'சினிமாவுக்கா?' என்றால் பேச்சை மாற்றிவிடுவாய். ப்ராக்ரெசிவ் ராக் என்று நான் விளக்கியதெல்லாம் வீண். கால்மணி நேரம் ஓடும் பாட்டு. நடுவழியில் தாளம் மாறும். பல்லவி திரும்பி வரவே வராது. ஒருமுறை பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னாய்: "ஏ மக்கா, ஒம் பாட்டு ஒண்ணு முடியதுக்குள்ள ஒரு பானை சோறு வெந்து வடிச்சிரலாம், கேட்டியா?" அதையும் மேடைகளில் சொல்லிச் சிரிப்பு வாங்கியிருக்கிறேன்.

எங்கள் முதல் ஆல்பத்தை யாரும் சீண்டவில்லை. காலி நாற்காலிகளுக்கு முன்னால் வாசித்தோம். அப்போதுதான் அப்பா இறந்தார். நீ அவர் தலைமாட்டில் உட்கார்ந்து ஒப்பாரி வைத்தாய். நான் சட்டைப் பையில் போனைப் பதிவில் ஓடவிட்டேன். பிறகு கேட்டு ஆறுதல் அடையத்தான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அடுத்த ஆல்பத்தில் உன் குரலுக்கு அடியில் என் கித்தார் ஓடியது. அந்த ஒரு பாட்டுதான் எங்களைப் பெரிய மேடைகளில் ஏற்றியது. உன் குரல் வரும் இடத்தில் தமிழே தெரியாத பிள்ளைகள் கையை உயர்த்தி ஆடுவார்கள், அம்மை.

நம் பக்கத்தில் பெண்கள் ஒப்பாரியில் எதையும் சொல்வார்கள். புகுந்த வீட்டுக் கொடுமை, கட்டியவன் வைத்த குறை எல்லாம் வரும். அது செத்தவரிடம் சொல்வது. பிணத்தை எடுத்த பிறகு அந்தச் சொல்லை யாரும் திரும்ப வாயில் எடுப்பதில்லை. யாரைக் குத்திச் சொன்னாளோ அவளே கருப்பட்டிக் காப்பி கொண்டுவந்து குடிக்கச் சொல்லுவாள். இது எனக்குத் தெரியாதா? தெரியும். அப்பாவின் அக்காவை, நம் அத்தையைப் பற்றி நீ சொன்ன வரியைத் தெரிந்துதான் வெட்டாமல் வைத்தேன். அந்த வரியில்தான் உன் குரல் உச்சத்துக்குப் போனது.

நீ போன அன்று உள்ளே வந்தேன். உன்னைச் சுற்றிப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். ஒரு சத்தமில்லை. அத்தை நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"ஏலே, போனை வெளிய வச்சிட்டு வா. பெறவு நாங்க அழுவோம்."

வைத்துவிட்டு வந்தேன். கையைப் பிடித்துப் பக்கத்தில் உட்காரவைத்து, மெல்லச் சொன்னாள்: "அந்தப் பாட்ட எம் மருமவ போட்டுக் காட்டுனா. பெறவு நான் இந்த வீட்டுப் படி ஏறல்ல. ஒங்கம்மை தேடி வந்து எங் கால்ல விழுந்தா, லே. 'அவங்கிட்டச் சொல்லாண்டாம் மைனி, அவன் பிழைப்பாக்கும்'னு அழுதா."

நான் செய்ததற்கு நீ போய் விழுந்தாய். அதற்குப் பிறகும் போனில் 'சாப்பிட்டியா மக்கா' என்பதைத் தவிர என்னிடம் ஒன்றும் கேட்டதில்லையே. ஏன் அம்மை? நாலு வார்த்தை திட்டியிருக்கலாமே?

பிறகு அத்தை அழ ஆரம்பித்தாள். நானும் சேர்ந்து அழ வேண்டிய நேரம். என் விரல்களோ தொடையில் தாளத்தை எண்ணிக்கொண்டிருந்தன. அத்தை அதைப் பார்த்தாள். பார்த்தும் நிறுத்தாமல் அழுதாள். எனக்கு வெட்கத்தில் உயிர் போயிற்று.

பாட்டை எல்லா இடத்திலிருந்தும் எடுத்துவிட்டேன். "அது இல்லாம நம்மள யாரு கூப்பிடுவா?" என்று டிரம்மர் சண்டை போட்டான். அவன் சொன்னது பொய்யில்லை. அடுத்த மாத விழாவில் எங்கள் பெயரை நீக்கிவிட்டார்கள். ஊரார் போன்களில் இருப்பதை என்னால் அழிக்க முடியாது. அதற்கு என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை.

அத்தை அன்று ஒப்பாரியில் உன்னிடம் சொன்னது முழுக்க என் காதில் இருக்கிறது. ராகம், இழுவை, மூச்சு விட்ட இடம் எல்லாம். கித்தாரை எடுத்தால் விரல் அங்கேதான் போகிறது. நல்ல பாட்டாக வரும், அம்மை. நான் எழுதியதிலேயே நல்ல பாட்டாக வரும். அதை நான் எழுத மாட்டேன். இது உனக்கு நான் கொடுக்கும் வாக்கு.

உன் குரலில் சோறு தின்ற
உன் மகன்