மலைவழி மணியும் அழுத கரடியும்

ஜப்பான், ஹோகி இரண்டாம் ஆண்டு, எட்டாம் மாதம் 3

இனி எழுதப்போவதை யாரும் நம்பப்போவதில்லை. இருந்தாலும் முசாஷி மாகாணத்தின் மாபெரும் தூதனாகிய நான் சத்தியமாக எழுதுகிறேன்.

நாட்டை ஏழு வழிகளாகப் பிரித்த மகான்கள் எங்கள் மாகாணத்தை மலைவழியில் தூக்கி எறிந்துவிட்டார்கள்; அரசாங்க வேலையாகப் போகிறவன் தன் மாகாணத்து வழியில்தான் போகவேண்டும். ‘கடல்வழியில் சேருங்கள்’ என்று கெஞ்சும் மனுவோடு நான் தலைநகர் போகிறேன். கடல்வழி ஓரம், பக்கத்து மாகாணமான சகாமியில், அக்காள் மகள் ஒயமேயின் வீடு. நிறைமாதம். அவள் அம்மா பிரசவத்தில்தான் போனாள். “மாமா பக்கத்துல இருந்தா பயமிருக்காது” என்று சொல்லியனுப்பியிருக்கிறாள்.

கடல்வழியாகப் போகட்டுமா என்று மேலதிகாரி ஹிரோதாரியிடம் கேட்டேன்.

“நாம மலைவழி மாகாணம்யா. வடக்கே போ.”

“தலைநகர் மேற்கேங்க!”

“வடக்கே போய் மேற்கே திரும்பு.”

4

சொன்ன பேச்சைக் கேட்பவனா நான்? தெற்கே போனேன். சகாமிக் குதிரைச் சாவடியில் அரசாங்க மணியை ஆட்டினேன். ஃபுஜி மலையே விழித்துக்கொண்டது. சாவடித் தலைவன் அசையவில்லை. மணி ஆடினால் குதிரை தரவேண்டும். அவனோ என் பயண உத்தரவைப் படித்தான்.

“மலைவழின்னு போட்டிருக்கே பெரியவரே. குதிரை கிடையாது. புல்லு வேணா தரேன், தின்னுட்டு நீங்களே ஓடுங்க.”

காவலோடு எல்லையில் கொண்டுவந்து விட்டான். ஒயமே ஊர் இன்னும் அரைநாள்தான். அரைநாள்!

9

வடக்கு. மழை.

15

உசுய் கணவாய். ஆறு ஆள் உயரக் கரடி வழிமறித்தது. “எங்கே பயணம்?” என்றது. பிள்ளை தெற்கே, வேலை மேற்கே, போவது வடக்கே என்றேன். பாறைமேல் உட்கார்ந்து அழ ஆரம்பித்துவிட்டது. என் சட்டைக் கையால் துடைத்துவிட்டேன்.

ஒன்பதாம் மாதம் 20

தலைநகர். எழுத்தர் “காத்திரும்” என்றார். காத்திருக்கிறேன். ஒரு நத்தை இரண்டு முறை என்னைத் தாண்டிப் போயிற்று. இந்நேரம் பிள்ளை பிறந்திருக்கும். அவள் — வேண்டாம், எழுதமாட்டேன்.

பத்தாம் மாதம் 28

முசாஷி இனிமேல் கடல்வழி மாகாணமாம். இப்போது! இதை அன்றே சொல்ல என்ன கேடு?

பதினோராம் மாதம் 14

கடல்வழியாகவே வந்தேன். மணிச் சத்தம் கேட்டு ஒயமே வாசலுக்கு வந்தாள். கையில் பெண் குழந்தை.

“பக்கத்து மாகாணத்துக்கு வர மூணு மாசமா, மாமா?”

கரடிக் கதையைச் சொன்னேன்.

“பொய்” என்றாள், என் முகத்தையே பார்த்துக்கொண்டு.

கரடி பொய்தான். அந்தப் பாறைமேல் ஒருவர் உட்கார்ந்து அழுதது மட்டும் நிஜம்.