நாலு விரல் குட்டை

ஜூன் 3
கொக்கு போய்ப் பதினொரு நாள். பூவுலகின் தலைசிறந்த கூடைப்பந்துப் பயிற்சியாளனாகிய நான் (இதை ஒப்புக்கொள்பவர்கள் இதுவரை ஒருவர், அது நான்) ஐந்தரைக்கு மைதானத்தைத் திறந்தேன். பதினான்கு பிள்ளைகள் வந்திருந்தார்கள். எண்ணி முடித்த பிறகும் விரல் பதினைந்தாவது ஆளைத் தேடியது.

ஜூன் 4
வருங்காலச் சரித்திர ஆசிரியர்கள் கேட்டால் வேண்டுமே என்று எழுதி வைக்கிறேன். ஆறு வருடம் முன்பு தலையணை வாங்க மெத்தைக்கடைக்குப் போனேன். கடைக்காரர் மகளுக்குப் பதினொரு வயது (கொக்கு என்று நான் பேர் வைத்தது பிறகு). ஏணி போடச் சோம்பல்பட்டுக்கொண்டு, தரையில் நின்றபடியே தலையணைகளைப் பரணுக்கு எறிந்து அடுக்கிக்கொண்டிருந்தாள். மணிக்கட்டில் ஒரே சுண்டு. ஒவ்வொன்றும் மெல்லப் போய், தூங்கப் போவதுபோல் படுத்தது. எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. இன்னும் எட்டு எறிந்து காட்டு என்றேன். அவள் அப்பா என்னைப் பிள்ளை பிடிக்கிறவன் என்று நினைத்து முழக்கோலைத் தூக்கினார்.

இரண்டு மாதம் நடையாய் நடந்தேன். அந்தக் கடையில் வாங்கிய தலையணைகளில் ஒரு ராணுவமே தலை வைக்கலாம். கடைசியில், "கூட்டிட்டுப் போங்க சார். ஆனா திரும்பக் கொண்டாந்து விட்றணும்" என்றார். ஆறு வருடமும் தினமும் கொண்டுபோய் விட்டேன். இந்த மே மாதம்தான் தலைநகர் அகாடமியில் விட்டுவிட்டு வெறுங்கையோடு வந்தேன். ஜூலை பத்தாம் தேதி பன்னிரண்டு பேரைத் தேர்ந்தெடுத்துவிட்டு மற்றவர்களை வீட்டுக்கு அனுப்புவார்கள்.

ஜூன் 12
அவளிடமிருந்து போன் இல்லை. பந்தைவிட போனைத்தான் இப்போது கெட்டியாகப் பிடித்திருக்கிறேனாம். மனைவியின் கண்டுபிடிப்பு.

ஜூன் 20
கூப்பிட்டாள். குரலே சரியில்லை.

"மாமா, ஃப்ரீ த்ரோ விழவே மாட்டேங்குது. பத்துல மூணுதான். எல்லாம் ரிங்கோட முன்விளிம்புல பட்டுத் திரும்புது."

இங்கே கண்ணைக் கட்டிவிட்டாலும் பத்துக்கு ஒன்பது போடுகிறவள். புது இடம், பயம், மூச்சை இழுத்துவிட்டு எறி என்று ஒரு பிரசங்கமே செய்தேன். இப்படியே போனால் திருப்பி அனுப்பிவிடுவார்களாம்.

போனை வைத்ததும் எனக்கு முதலில் வந்தது வருத்தமில்லை. இதை இங்கே மட்டும்தான் எழுத முடியும். வந்துவிடுவாள் — அதுதான் வந்தது.

ஜூன் 21
முன்விளிம்பு. இவளுக்கு முன்னால் நான் கண்டெடுத்து அனுப்பிய ஐந்து பேரும் இதையேதானே சொன்னார்கள்? ஐவரும் திரும்பி வந்தார்கள். ஐவரிடமும் "நெஞ்சுல தெம்பு வேணும்டா" என்றேன். வெளியூர் ஆட்டங்களில் எங்கள் பந்து குட்டையாகப் போகும்போதெல்லாம் பயண அலுப்பு என்றேன்.

பயந்தாங்கொள்ளிகளாகத் தேடித் தேடியா பொறுக்கினேன்?

ஜூன் 23
விளக்கு மாற்ற வந்த எலக்ட்ரீஷியனிடம் டேப் வாங்கி அளந்தேன். ரிங் பத்தடி இருக்க வேண்டும். ஒன்பதே முக்கால் அடி. மறுபக்கமும் அப்படியே. மூன்று தடவை அளந்தேன். டேப்பைத் திட்டினேன்.

மண் தரையாக இருந்தபோது பத்தடி அளந்து இரண்டு கம்பத்திலும் சிவப்புக் கோடு போட்டவன் நான். ஒன்பது வருடம் முன்பு, அதிகாரிகளின் உயிரை வாங்கி, கான்கிரீட் போட வைத்தவனும் நானே. ரிங் தளரும்போதெல்லாம் அந்தக் கோட்டுக்கே மாட்டி, மில்லிமீட்டர் பிசகாது என்று மார்தட்டினேன். தரை ஏறிவிட்டது. கோடு ஏறவில்லை. கான்கிரீட் போட்ட மாதமே பிள்ளைகளுக்குக் கை வந்துவிட்டது என்று ஊரெல்லாம் பீற்றினேனே!

ஜூன் 24
இன்னும் சொல்லவில்லை. சும்மா இருந்தால் போதும். பதினாறு நாளில் அவளே வந்துவிடுவாள். கேட் பக்கம் உட்கார்ந்து லேஸ் கட்டிக்கொண்டே என் மீசையைக் கிண்டல் செய்வாள்.

சாயங்காலம் மெத்தைக்கடைக்காரர் வந்தார். "திரும்பி வந்துருவாளா சார்?" என்றார். கேட்ட விதத்தில் கவலை பாதி, ஆசை பாதி. கடையில் அவருக்கும் பேச ஆளில்லை. தெரியவில்லை என்றேன். தெரிந்திருந்தது.

ஜூன் 25
விடிந்ததும் கூப்பிட்டுவிட்டேன்.

"கொக்கு, நம்ம ரிங் நாலு விரல் குட்டை. அளக்காம விட்டது நான். உன் கையில ஒரு குறையும் இல்ல."

கத்துவாள் என்று காதைக் கொஞ்சம் தள்ளியே வைத்திருந்தேன்.

"அப்ப எனக்கு பயம் இல்லையா மாமா?"

"இல்லம்மா."

"ராத்திரியெல்லாம் என்னையே திட்டிக்கிட்டு இருந்தேன்."

முழங்காலை இன்னும் மடக்கு, பந்தை இன்னும் உயரத்தில் விடு என்றேன். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

ஜூன் 27
ஐவரில் மூத்தவன் இப்போது பஸ் ஓட்டுகிறான். அவன் வண்டியில் ஏறி, அவன் சீட்டுக்குப் பின்னால் நின்று விஷயத்தைச் சொன்னேன். மூன்று ஸ்டாப்பில் ஆளை ஏற்றி இறக்கினான்.

"கம்பியைப் புடிச்சுக்கங்க சார், திருப்பம் வருது" என்றான்.

பிடித்துக்கொண்டேன். மீதி நால்வர் இருக்கிறார்கள்.

ஜூன் 30
ரிங்கை ஏற்றி மாட்டினோம். பதினான்கு பேரின் பந்தும் குட்டையாகப் போயிற்று. வீட்டுக்குள் புகுந்து திருடியவனைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தார்கள்.

ஜூலை 10
பட்டியலில் இருக்கிறாள். பன்னிரண்டில் பதினொன்றாவது. மெத்தைக்கடைக்காரர் கடைத்தெரு முழுக்க மிட்டாய் கொடுத்துவிட்டு, உள்ளே போய்ப் பஞ்சு மூட்டைமேல் உட்கார்ந்துகொண்டார். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

ஜூலை 19
அரை மணி நேரம் பேசினாள். பத்துக்கு எட்டு விழுகிறதாம். விடுமுறைக்கு வரமாட்டாள், பயண ஆட்டங்கள் இருக்கின்றன. எங்க கோச் இப்படிச் சொன்னார், எங்க கோச் அப்படிச் சிரிக்க வைத்தார் என்று ஒரே கதை. நான் எப்போது அப்படிச் சொன்னேன் என்று ஒரு நிமிடம் பெருமையாக யோசித்துக்கொண்டிருந்தேன்.

அப்புறம், அது அகாடமி கோச் என்று உறைத்ததும், அவர் சொல்றபடி கேளும்மா என்றேன்.