இரண்டாவது கிண்ணம்

என் கோபக்கார மனைவிக்கு,

இன்று நண்பகலில், கானல்நீருக்குள்ளிருந்து நீ வாளியோடு நடந்து வந்தாய். எழுந்து இரண்டு கிண்ணங்களில் பச்சைத் தேநீர் ஊற்றினேன். அது ஆறிய பிறகுதான், நீ அஷ்காபாத் நகரத்திலுள்ள மகள் வீட்டுக்குப் போய் ஒரு வருடமானது நினைவுக்கு வந்தது.

ஊரில் மிஞ்சியிருப்பவன் நான் ஒருவன்தான். தண்ணீர் லாரி நேராக நம் வாசலுக்கே வந்து நின்றது.

"இன்னொரு கிண்ணம் யாருக்கு, பெரியவரே?" என்றான் ஓட்டுநர் ஒராஸ்கெல்தி.

"உனக்குத்தான்."

"டீ ஜில்லுனு இருக்கே! நான் வர்றது காலையிலயே தெரிஞ்சுபோச்சாக்கும்!" சிரித்தவன், என் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டான். "முன்சீட்டு காலியாத்தான் இருக்கு. வர்றீங்களா?"

"ஒட்டகத்த யாரு பாத்துக்குவா?"

"அத வித்து நாலு வருஷமாச்சே, பெரியவரே."

அவனிடம் கொடுத்தனுப்பத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். இப்போது நானே கொண்டு வருகிறேன். தட்டினால் கதவைத் திற.

உன் பிடிவாதக்காரன்