உப்பு பாருங்க

பாப்பாவின் அப்பாவுக்கு வணக்கம். நான் நலம். உங்கள் முட்டிவலியும் அத்தையின் இருமலும் எப்படி இருக்கின்றன என்று மறைக்காமல் எழுதுங்கள்.

இங்கே ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் எங்கள் எல்லோருக்கும் ஆப்பிள் கொடுத்தார்கள். ஞாயிற்றுக்கிழமை அதைப் பொடியாக நறுக்கி, மைதா மாவில் கலந்து, எண்ணெயில் கிள்ளிப் போட்டுப் பொரித்து, மேலே சர்க்கரைப் பாகு ஊற்றினேன். பாப்பா டிவியில் பார்த்துவிட்டுக் கேட்டாளே, பளபளவென்று, அதேதான். கையில் கொஞ்சம் எண்ணெய் தெறித்தது. பயப்படாதீர்கள். அந்தச் சாக்கில் என்னைத் துவைக்கிற வேலையிலிருந்து மடிக்கிற வேலைக்கு மாற்றிவிட்டார்கள். எனக்கு லாபம்தான்.

முதல் உருண்டையை எடுத்ததும் பழக்கதோஷத்தில் திரும்பி, “இந்தாங்க, உப்பு பாருங்க” என்று நீட்டிவிட்டேன். பின்னால் நின்றது என் அறைத்தோழி. “இனிப்புக்கு எதுக்குக்கா உப்பு பாக்கணும்?” என்று விழுந்து விழுந்து சிரித்தாள். நானும் சிரித்தேன், கண்ணில் தண்ணீர் வருகிற அளவுக்கு.

ஊரிலிருந்து யாராவது வந்தால் நம் ஜல்லிக்கரண்டியைக் கொடுத்தனுப்புங்கள். இங்கே வாங்கியது என் கைக்குப் பழகவே மாட்டேன் என்கிறது.

வேலைக்குப் போகிற வேன் வாசலில் ஹாரன் அடிக்கிறது. ஒன்று மட்டும் கேட்டு முடிக்கிறேன். இப்போது நீங்கள்தானே சமைக்கிறீர்கள், உப்பு யார் பார்க்கிறார்கள்? பாப்பாவிடம் மட்டும் கேட்காதீர்கள். எவ்வளவு கரித்தாலும் “சரியா இருக்குப்பா” என்றுதான் சொல்வாள்.

உங்கள் பெண்ணாயிற்றே.