முடிவுத் தேதி போடாத உத்தரவு

நவம்பர் 18, திங்கள்

தீர்த்தம்மாள் அக்காவின் பணியிடை நீக்க உத்தரவை இன்று நான்தான் தட்டச்சு செய்தேன். எங்கள் பள்ளியின் வேதியியல் ஆய்வகத்தில் பதினோரு வருடமாக உதவியாளர். போன வாரம் பிளஸ் ஒன் மாணவி ஒருத்தியின் கையில் அமிலம் தெறித்துவிட்டது. பெரிய காயமில்லை, ஆனால் அவள் அப்பா அலுவலகத்துக்கே வந்து கத்திவிட்டுப் போனார். 'உதவியாளரின் கவனக்குறைவு' என்று தாளாளர் சிவக்குமார் சார் சொல்லச் சொல்ல அடித்தேன். கடைசி வரி: 'மறு உத்தரவு வரும் வரை.'

"எந்தத் தேதி வரைக்கும்னு போடணுங்களா சார்?"

"அதெல்லாம் வேணாங்க. பிரிண்ட் எடுங்க."

கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்ட அக்கா, "இது எப்ப கண்ணு முடியும்?" என்று என்னிடம் கேட்டார். தெரியலக்கா என்றேன். நிஜமாகவே தெரியவில்லை. முடிவே சொல்லாமல் ஒருவரை நிறுத்தி வைக்க முடியுமா என்ன?

நவம்பர் 21, வியாழன்

வேறெதையோ தேடித் தபால் பதிவேட்டைப் புரட்டியபோது கண்ணில் பட்டது. ஜூனில் ஒரு கடிதம், ஆகஸ்டில் ஒன்று. ஆய்வகத்துக்குப் பாதுகாப்புக் கண்ணாடியும் கையுறையும் கேட்டு அக்கா எழுதியவை. வரிசை எண் போட்டிருப்பது என் கை. கோப்பில் கடிதங்களும் இருக்கின்றன, தாளாளரின் சுருக்கொப்பத்தோடு. எதுவும் வாங்கித் தந்ததாகப் பதிவே இல்லை.

டிசம்பர் 2, திங்கள்

மழை விடுமுறை. தெருவெல்லாம் தண்ணீர். தனியார் பள்ளிகளுக்கான சட்டத்தைக் கைபேசியில் இறக்கிப் படித்தேன். ஆங்கிலம்; ஒரே வாக்கியம் அரைப் பக்கத்துக்கு ஓடுகிறது. "என்ன அன்ஜும், பரீட்சையா?" என்று என் வீட்டுக்காரர் இத்ரீஸ் சிரித்தார்.

இரண்டு மாதம்தான்! அதற்குள் விசாரணை முடியாவிட்டால், அவர் வேலைக்குத் திரும்பிவிட்டதாகவே கொள்ள வேண்டுமாம். தாமதத்துக்கு ஊழியரே காரணம் என்றால் மட்டும் கல்வி அதிகாரி நீட்டிக்கலாம்.

ஆசிரியர்களுக்கு மட்டுமா? திரும்பப் படித்தேன். இல்லை — பள்ளியில் வேலை செய்யும் மற்றவர்களுக்கும்தான்.

டிசம்பர் 9, திங்கள்

விசாரணை எப்போது என்று சாரிடம் கேட்டேன். "அத நான் பாத்துக்கறேன். நீங்க உங்க வேலையப் பாருங்க."

டிசம்பர் 10, செவ்வாய்

அதியமான்கோட்டையில் பஸ்ஸை விட்டு இறங்கும்போது புரிந்தது. விசாரணை வைத்தால் அந்த இரண்டு கடிதமும் மேசைக்கு வரும். அதான் தேதியே வைக்கல. ச்சே, இவ்ளோ நாள் புரியலையே எனக்கு!

டிசம்பர் 15, ஞாயிறு

பொம்மிடிக்குப் போய் அக்காவைப் பார்த்தேன். நான் வாயைத் திறக்கும் முன்பே ஒரு உறையை எடுத்து வந்தார். ராஜினாமாக் கடிதம். மருமகன் எழுதித் தந்தாராம்.

"எழுதிக் குடுத்தா நல்ல சர்டிபிகேட் தர்றேன்னு சார் ஆள் அனுப்புனாரு கண்ணு. நாளைக்குக் குடுத்துடலாம்னு இருக்கேன்."

கொடுக்க வேண்டாம் என்றேன்; சட்டத்தில் படித்ததைச் சொன்னேன். ஜனவரி பதினேழோடு இரண்டு மாதம் முடிகிறது. பொங்கல் கழிந்து பள்ளி திறக்கும் நாளில் வேலைக்கு வரலாம். வருவதை முன்கூட்டியே பதிவுத் தபாலில் சொல்லிவிட வேண்டும், கல்வி அலுவலகத்துக்கும் ஒரு நகலோடு. எல்லாம் கேட்டுவிட்டு அக்கா உறையை உள்ளே கொண்டுபோய் வைத்தார்.

"இது தெரிஞ்சா உன்ன உடுவாங்களா? உனக்கு எதுக்கு இந்த வம்பு?"

முதலில் தெரிந்துகொள்ளத்தான் படித்தேன். தெரிந்த பிறகு சொல்லாமல் இருக்க முடியவில்லை.

ஜனவரி 7, செவ்வாய்

அக்காவை விசாரணைக்கு வரச் சொல்லி ஒரு நோட்டீஸ் அடிக்கச் சொன்னார் சார். "டிசம்பர் பன்னெண்டுன்னு தேதி போடுங்க." கூப்பிட்டும் அக்கா வரவில்லை, தாமதம் அவரால்தான் என்று காட்டுவதற்கு.

"அனுப்புகைப் பதிவேட்டுல அன்னைக்கு நம்பரெல்லாம் முடிஞ்சிருச்சு சார். எங்க எழுதறது?"

"நடுவுல எங்கியாச்சும் சொருகுங்க."

"எடம் இல்லீங்க சார். இருந்தாலும் நான் எழுத மாட்டேன்."

நானா சொன்னேன்? அவர் முகத்தைப் பார்க்காமல் எழுந்து வந்துட்டேன். வேலை போயிடுமா? போனா என்ன பண்றது — வூட்ல எப்படிச் சொல்றது?

ஜனவரி 8, புதன்

இத்ரீஸிடம் சொல்லிவிட்டேன். "பொய்த் தேதி போட்டுட்டு வந்திருந்தா உனக்குத் தூக்கம் வந்திருக்குமா?" என்று மட்டும் கேட்டார். நோட்டீஸ் போகவில்லை. அலுவலகத்தில் யாரும் என்னோடு பேசவும் இல்லை.

ஜனவரி 20, திங்கள்

எட்டே முக்காலுக்கு அக்கா வந்தார், பதிவுத் தபால் ரசீது கையில். வருகைப் பதிவேட்டை அவர் முன்னால் விரித்து வைத்தேன். கையெழுத்துப் போட்டார். சற்று நேரத்தில் சார் வந்தார்.

"யார் இவங்கள கையெழுத்துப் போட உட்டது?"

"நான்தாங்க சார்."

அக்கா எழுந்து நின்றார். "ரெண்டு மாசம் முடிஞ்சுதுங்க. விசாரணை எப்ப வச்சாலும் வர்றேன். கண்ணாடி கேட்டு நான் எழுதுன லெட்டருங்களையும் எடுத்து வைங்க, அங்க பேசிக்கலாம்."

சார் அறைக்குள் போய் வக்கீலிடம் போனில் பேசினார். கால் மணி நேரம். கதவைத் திறந்து ஒரே வார்த்தை: "லேபுக்குப் போங்க."

பிப்ரவரி 12, புதன்

விசாரணை இன்னும் நடக்கவில்லை. அக்கா ஆய்வகத்தில் இருக்கிறார். என்னை அலுவலகத்திலிருந்து மாற்றிவிட்டார்கள். கேட் பக்கத்துச் சின்ன அறையில் பஸ் பாஸ் எழுதுகிறேன். தகரக் கூரை, மதியம் கொதிக்கிறது.

இன்று மூன்று மணிக்கு பள்ளி வண்டி டிரைவர் கோவிந்தன் அண்ணன் வாசலில் வந்து நின்றார். சட்டைப் பையில் மடித்த தாள். ஒரு வாரமாக அவரை வண்டி எடுக்க விடவில்லை. சுற்றும் முற்றும் பார்த்துவிட்டுக் கேட்டார்: "மேடம், அந்தச் சட்டம் டிரைவருக்கும் வருங்களா?"

தெரியவில்லை. 'மற்றவர்களும்' என்று படித்ததில் டிரைவரும் சேர்த்தியா? அடுத்த நாற்காலியில் இருந்த பாஸ் கட்டுகளைத் தரையில் இறக்கி வைத்தேன்.

"உக்காருங்கண்ணே. படிச்சுப் பாப்போம்."